மலைநாட்டின் குளிரிலும் மழையிலும் கோட்லெஸ் கருவிகளின் பற்றரியைப் பேணுதல்: முழுமையான வழிகாட்டி

சென்ற ஐப்பசி மழையில், மஸ்கெலியாப் பக்கத்துத் தச்சர் ஒருவர் தன் ட்ரில்லின் பற்றரியைத் துணியில் சுற்றிக்கொண்டு வந்து என் மேசையில் வைத்தார். வாங்கி இரண்டு வருடம்கூட ஆகவில்லை, சார்ஜரில் போட்டால் சிவப்பு விளக்கு மட்டும் விட்டுவிட்டு எரிகிறது என்றார். நான்கு திருகாணிகளைக் கழற்றி மூடியைத் திறந்ததும் விறகுப் புகையின் வாடை முகத்தில் அடித்தது. உள்ளே இருந்த ஐந்து செல்களையும் மல்டிமீற்றரால் ஒவ்வொன்றாக அளந்தேன். நான்கில் 3.1 வோல்ற்று இருந்தது, ஐந்தாவதில் 0.8 மட்டுமே. விசாரித்தபோது கதை வெளிவந்தது. கூரைத் தகரம் அடிக்கும் வேலை வைகாசி மழையோடு நின்றதும், முழுவதும் இறங்கிப்போன பற்றரியை ட்ரில்லோடு சேர்த்தே அடுப்புக்கு மேலிருக்கும் பரணில் ஏற்றிவைத்திருக்கிறார். “ஈரம் படாமல் இருக்கட்டும் என்றுதான் தம்பி அங்கே வைத்தேன்” என்றார். ஈரம் படவில்லை என்பது உண்மைதான்.

என்னிடம் வருகின்ற செத்த பற்றரிகளில் வேலை செய்து தேய்ந்தவை குறைவு. சும்மா இருந்த இடத்தில் கெட்டுப்போனவையே அதிகம். மழை பிடித்தால் நாட்கணக்கில் வேலை நின்றுபோகும் நம் ஊர்களில், பற்றரி எங்கே, எந்த அளவு சார்ஜோடு, எவ்வளவு காலம் கிடக்கிறது என்பதுதான் அதன் ஆயுளைத் தீர்மானிக்கிறது. ஆகவே இந்த வழிகாட்டியில் சார்ஜ் செய்வது, பாவிப்பது, வாங்குவது எல்லாவற்றையும் சொன்னாலும், எடுத்துவைப்பது பற்றியே கூடுதலாகச் சொல்லப்போகிறேன்.

முதலில் பெட்டிக்குள் இருப்பதைத் தெரிந்துகொள்ளுங்கள்

இன்று கடைகளில் கிடைக்கும் கோட்லெஸ் ட்ரில், கிரைண்டர், இம்பக்ட் டிரைவர் ஆகியவற்றின் பற்றரிகள் பெரும்பாலும் லித்தியம் அயன் வகையைச் சேர்ந்தவை. பிளாஸ்டிக் பெட்டிக்குள் டோர்ச் பற்றரியைப் போன்ற உருளைச் செல்கள் வரிசையாக இருக்கும். பரவலாக உள்ள 18650 என்ற செல் 18 மில்லிமீற்றர் விட்டமும் 65 மில்லிமீற்றர் நீளமும் கொண்டது. அதன் பெயரே அதன் அளவு. ஒரு செல்லின் சராசரி வோல்ற்றளவு 3.6. முழுதாக ஏறினால் 4.2, பாதுகாப்பாக இறக்கக்கூடிய எல்லை ஏறத்தாழ 2.5. ஐந்து செல்களைத் தொடராக இணைத்தால் 18 வோல்ற்று வரும். அதே பற்றரியை முழு சார்ஜில் அளந்தால் 21 வோல்ற்று இருக்கும். ஒரு கம்பனி 18 என்றும் இன்னொரு கம்பனி 20 என்றும் எழுதுவதில் வேறுபாடு எதுவும் இல்லை; இரண்டிலும் அதே ஐந்து செல் தொடர்தான். மலிவான கருவிகளில் 48, 88 என்று ஒட்டியிருக்கும் எண்களைக் கண்டு மயங்க வேண்டாம். அவற்றைத் திறந்து பார்த்தால் அநேகமாக அங்கேயும் ஐந்து செல் தொடர்தான் இருக்கும்.

செல்களின் மேல் பி.எம்.எஸ். என்று சொல்லப்படும் பாதுகாப்புப் பலகை ஒன்று இருக்கும். அளவு மீறி ஏறுவதையும் இறங்குவதையும் தடுப்பது அதன் வேலை. ஆனால் அந்தப் பலகையும் மின்சாரத்தில்தான் உயிர்வாழ்கிறது. சில பலகைகள் தமக்கு வேண்டிய சிறு மின்னோட்டத்தை ஐந்து செல்களிலிருந்தும் சமமாக எடுக்காமல் ஒன்றிலிருந்து மட்டும் எடுக்கின்றன. முழுவதும் இறங்கிய பற்றரியை மாதக்கணக்கில் போட்டுவைத்தால் அந்த ஒரு செல் மட்டும் வறண்டுபோவது இதனால்தான். தச்சருடைய பற்றரியில் நடந்ததும் இதுவே.

பழைய நிக்கல் கட்மியம் பற்றரிகளைப் பாவித்தவர்கள் “முழுக்க இறக்கிவிட்டுத்தான் ஏற்ற வேண்டும்” என்ற பழக்கத்தை இன்னும் விடவில்லை. அந்த வகைக்கு அது பொருந்தியது. பாதியில் ஏற்றினால் அந்த அளவையே நினைவில் பிடித்துக்கொண்டு கொள்ளளவு குறைவதுதான் அதன் நினைவுத் தொல்லை. லித்தியம் அயன் பற்றரிக்கு அது கிடையாது. பாதியில் எடுத்து ஏற்றினால் அதற்குக் கெடுதி எதுவும் இல்லை. கடைசிச் சொட்டுவரை பிழிவதுதான் கெடுதி. ஆகவே பற்றரியின் முதுகில் என்ன எழுதியிருக்கிறது என்று பார்த்து, வகையை உறுதிசெய்துகொண்டு மேலே செல்லுங்கள்.

சார்ஜ் செய்யும்போது

குளிர் பற்றரிக்கு நல்லது என்று ஒரு நம்பிக்கை நம்மிடையே உண்டு. எடுத்துவைப்பதற்குக் குளிர்ச்சி நல்லதுதான். ஆனால் சார்ஜ் செய்வதற்குக் குளிர் ஆகாது. செல் மிகவும் குளிர்ந்திருக்கும்போது வேகமாக மின்சாரம் ஏற்றினால், லித்தியம் உள்ளே சென்று சேர முடியாமல் மேற்பரப்பில் உலோகமாகப் படிந்துவிடுகிறது. அப்படிப் படிந்தது பெரும்பாலும் திரும்புவதில்லை. பற்றரியின் கொள்ளளவு குறைவதோடு, உள்ளே குறுஞ்சுற்று ஏற்படும் ஆபத்தும் கூடுகிறது. டிவோல்ட் கம்பனியின் கையேடு 4.5 பாகை செல்சியஸுக்குக் கீழேயும் 40 பாகைக்கு மேலேயும் சார்ஜ் செய்ய வேண்டாம் என்கிறது. மக்கிற்றாவின் கையேடு 10 முதல் 40 பாகை வரை என்கிறது. கொழும்பில் இருப்பவர் இந்தக் கீழெல்லையை ஒருநாளும் நினைக்க வேண்டியதில்லை. கடல் மட்டத்திலிருந்து 1,868 மீற்றர் உயரத்தில் உள்ள நுவரெலியாவில், தை மாதத்து விடியலில் புல்லின்மேல் உறைபனி வெள்ளையாகப் படியும் இடங்களில், இரவெல்லாம் வான் வாகனத்திலோ தகரக் கொட்டிலிலோ கிடந்த பற்றரி அந்த எல்லைக்குக் கீழேதான் இருக்கும். அதை வீட்டுக்குள் கொண்டுவந்து, ஒரு மணி நேரமாவது அறைச் சூட்டில் வைத்து, கையால் தொட்டால் சில்லென்று இல்லாத நிலைக்கு வந்த பிறகு சார்ஜரில் போடுங்கள். அவசரத்துக்கு அடுப்பருகே வைக்க வேண்டாம். வெளிப்புறம் சூடாகும், நடுவில் உள்ள செல்கள் குளிர்ந்தே இருக்கும்.

மறுபக்கத்தில், வேலையில் சுட்டுப்போன பற்றரியையும் உடனே சார்ஜ் செய்யக்கூடாது. நல்ல சார்ஜர்கள் வெப்பத்தை உணர்ந்து, பற்றரி ஆறும்வரை காத்திருந்து தொடங்கும். மலிவான சார்ஜர்களுக்கு அந்த அறிவு கிடையாது. அப்படியானால் காத்திருக்கும் வேலை உங்களுடையது. ஒரு தேநீர் குடித்துவிட்டு வரும் நேரம் போதாது, அரை மணி நேரம் வேண்டும். இரண்டு பற்றரிகளை மாற்றி மாற்றிப் பாவிப்பவர்களுக்கு இந்தத் தொல்லை இயல்பாகவே தீர்ந்துவிடுகிறது.

பச்சை விளக்கு எரிந்ததும் பற்றரியைக் கழற்றிவிடுங்கள். நல்ல சார்ஜர் தானாக நிறுத்திவிடும், உண்மைதான். ஆனால் முழுச் சார்ஜில் கிடக்கும் ஒவ்வொரு நாளும் செல்லின் உள்ளே ஒரு மெதுவான சிதைவு நடந்துகொண்டிருக்கிறது; சூட்டில் அது இன்னும் விரைவாக நடக்கும். நாளைக் காலை வேலைக்கு இன்றிரவு முழுதாக ஏற்றுவது நியாயம். அடுத்த மாத வேலைக்கு இன்றே ஏற்றிவைப்பதுதான் தவறு.

சார்ஜர் வைக்கும் இடத்தைப் பற்றியும் ஒரு சொல். லயன் அறைகளில் இடம் குறைவு என்பது தெரிந்ததே. ஆனாலும் கட்டிலின்மேல், மெத்தைக்கு அருகில், துணி மூட்டைக்குப் பக்கத்தில், அட்டைப் பெட்டிக்கு மேல் வைத்து சார்ஜ் செய்ய வேண்டாம். சீமெந்துத் தரையிலோ ஓட்டுத் துண்டின் மேலோ, சுற்றிலும் காற்று புழங்கும்படி வையுங்கள். எல்லோரும் தூங்கும் நேரத்தில் ஏற்ற வேண்டாம்.

மின்னலும் நம் ஊர்களின் தனிப் பிரச்சினை. பங்குனி, சித்திரையிலும் பிறகு ஐப்பசி, கார்த்திகையிலும் பிற்பகல் இடியோடு மழை வரும்போது, மலைச் சரிவுகளில் நீண்டு ஓடும் மின்கம்பிகள் வழியாக மின்னதிர்ச்சி வீடுவரை வந்துவிடும். சுவிட்சை அணைப்பது போதாது, பிளக்கையே பிடுங்கிவிடுங்கள். சார்ஜர் கருகுவதோடு போனால் அதிர்ஷ்டம்.

ஜப்பானிலிருந்து வருகின்ற பாவித்த கருவிகளை நம் ஆட்கள் விரும்பி வாங்குகிறார்கள், கருவிகள் தரமானவைதான். ஆனால் அவற்றோடு வரும் சார்ஜர் பெரும்பாலும் 100 வோல்ற்றுக்குச் செய்யப்பட்டது. நம் மின்சாரம் 230 வோல்ற்று. தட்டையான இரு முனை பிளக்கை அடாப்டர் வைத்துச் சொருகிய அந்த நொடியிலேயே ‘டப்’ என்று வெடித்த சார்ஜர்கள் என் அலுமாரியில் மூன்று இருக்கின்றன. அதில் ஒன்று என்னுடையது. எழுத்தைப் படிக்காமல் சொருகிய கை என் கைதான். அதே கம்பனியின் 230 வோல்ற்றுச் சார்ஜரைத் தனியாக வாங்குவதே வழி. ஜெனரேற்றரில் சார்ஜ் செய்யவிருப்பவர்கள் கையேட்டைப் பார்த்துவிட்டுச் செய்யுங்கள். சில சார்ஜர்களுக்கு அது தடைசெய்யப்பட்டிருக்கிறது.

வேலையின்போது

பற்றரியைச் சூடாக்குவது மின்னோட்டம். பற்றரி எவ்வளவு மின்சாரம் கொள்ளும் என்பதைச் சொல்லும் அளவு அம்பியர் மணி. 2 அம்பியர் மணிப் பற்றரியில் ஐந்து செல்கள் மட்டுமே இருக்கும். கருவி கேட்கும் முழு மின்னோட்டத்தையும் ஒவ்வொரு செல்லும் தனியே சுமக்கிறது. பத்துச் செல்கள் கொண்ட 5 அம்பியர் மணிப் பற்றரியில் இரண்டு இரண்டாகப் பக்கவாட்டில் இணைத்திருப்பதால் சுமை பாதியாகிறது. அதனால் எழும் சூடு பாதிக்கும் கீழே இறங்குகிறது. ஆகவே கிரைண்டர், வட்ட வாள், பெரிய ஹெமர் ட்ரில் ஆகியவற்றுக்குச் சின்னப் பற்றரியைப் போட வேண்டாம். தகரத்துக்குத் திருகாணி இறுக்குவதற்கும் பலகையில் துளையிடுவதற்கும் சின்னதே போதும். கைக்கும் பாரமில்லை.

கருவியின் வேகம் குறைந்து, ஒலி தளர்ந்தால் அதோடு நிறுத்திவிட்டு மாற்றுங்கள். பற்றரி தானாக நின்ற பிறகு சில நொடி பொறுத்து விசையை அழுத்தினால் மீண்டும் கொஞ்சம் சுழலும். சுமை நீங்கியதும் வோல்ற்றளவு சற்று எழுவதால் அப்படி நடக்கிறது. “இன்னும் ஒரு திருகாணிக்கு வரும்” என்று அதைத் திரும்பத் திரும்ப அழுத்துவது, இருக்கின்ற ஐந்தில் பலவீனமான செல்லை எல்லைக்குக் கீழே தள்ளும் வேலை. ஏணியின் உச்சியில் நிற்கும்போது அந்த ஆசை வருவதை நானும் அறிவேன். இரண்டாவது பற்றரியைப் பையில் போட்டுக்கொண்டு ஏறுவதுதான் மருந்து.

எடுத்துவைக்கும்போது

இரண்டு வாரத்துக்கு மேல் வேலை இல்லை என்று தெரிந்தால், பற்றரியைப் பாதிச் சார்ஜில் வையுங்கள். நான்கு விளக்குகள் உள்ள பற்றரியில் இரண்டு எரிந்தால் சரி. மல்டிமீற்றர் இருந்தால் ஐந்து செல் பற்றரி 18.5 வோல்ற்று அளவில் நிற்க வேண்டும். முழுதாக ஏறியிருந்தால் கொஞ்சம் வேலை செய்து இறக்குங்கள். வெறுமையாக இருந்தால் அரை மணி நேரம் ஏற்றிவிட்டு எடுங்கள். ஆறு மாதத்துக்கு மேல் பாவிக்காவிட்டால் சார்ஜ் செய்யும்படி மக்கிற்றா சொல்கிறது. நான் மழைக்காலத்தில் இரண்டு மாதத்துக்கு ஒருமுறை விளக்குகளைப் பார்ப்பேன். ஒரு விளக்குக்கு இறங்கியிருந்தால் மீண்டும் இரண்டுக்கு ஏற்றிவைப்பேன்.

கருவியிலிருந்து பற்றரியைக் கழற்றி வைக்க மறக்காதீர்கள். கருவிக்குள் இருக்கும் மின்சுற்றும் மெல்ல மெல்ல உறிஞ்சும். கைத்தொலைபேசிக்கு ஏற்றுவதற்காகப் பற்றரியின் மேல் மாட்டும் யூஎஸ்பி மூடிகள் இதில் மிக மோசம். மின்வெட்டு இரவில் மாட்டியதை மறந்துவிட்டால் பற்றரியை ஒட்ட உறிஞ்சிவிடும்.

அடுத்தது இடம். அடுப்புப் பரண் வேண்டாம் என்பதை இனிச் சொல்லத் தேவையில்லை. தகரக் கூரைக்கு நேர் கீழே உள்ள தட்டு, வெயிலில் நிறுத்திய வானின் முன்பக்கம் ஆகியவையும் வேண்டாம். 50 பாகையை எட்டக்கூடிய இடத்தில் வைக்க வேண்டாம் என்று கையேடுகள் எச்சரிக்கின்றன. மூடிய வாகனத்துக்குள் அந்தச் சூடு எளிதில் வந்துவிடும். ஹட்டனில் குளிராக இருந்தாலும், அதே வான் கொழும்புக்குச் சாமான் ஏற்றப் போய் வெயிலில் நிற்கும்போது கதை வேறு.

ஈரம்தான் மலைநாட்டின் உண்மையான எதிரி. வட்டவளை, கினிகத்தேனைப் பக்கங்களில் தென்மேற்குப் பருவமழை பிடித்தால் அலுமாரிக்குள் தோல் செருப்பே பூஞ்சணம் பூக்கும். அந்தக் காற்று பற்றரியின் முனைகளை விட்டுவைக்குமா? செம்புத் தகட்டில் பச்சைக் களிம்பு ஏறும், பாதுகாப்புப் பலகையின் ஈயப் பற்றுகளில் வெள்ளைப் பொடி படியும். வெளியே குளிரில் கிடந்த பற்றரியைச் சூடான குசினிக்குள் கொண்டுவந்தால், கண்ணாடியில் படிவதுபோல அதன் உள்ளேயும் நீர்த்துளி படியும். இதற்கு எளிய முறை உண்டு. வெளியில் இருக்கும்போதே பற்றரியைப் பொலித்தீன் பையில் போட்டு வாயை இறுகக் கட்டி உள்ளே கொண்டுவாருங்கள். அறைச் சூட்டுக்கு வந்த பிறகு பையைத் திறங்கள். ஈரம் பையின் வெளிப்புறத்தில் மட்டும் படியும்.

நீண்ட நாள் வைப்பதற்கு, ரப்பர் விளிம்புள்ள மூடியோடு கூடிய பிளாஸ்டிக் டப்பா நல்லது. சப்பாத்துப் பெட்டியிலும் மருந்துப் போத்தலிலும் வருகின்ற சிலிக்கா ஜெல் பொட்டலங்களைச் சேர்த்து உள்ளே போடுங்கள். அந்த டப்பாவைச் சூடில்லாத, ஒரே சீரான குளிர்ச்சியுள்ள மூலையில் வையுங்கள். முனைகளுக்கு வரும் பிளாஸ்டிக் மூடியை எறிந்துவிடாமல் போட்டுவையுங்கள். ஆணியும் திருகாணியும் கிடக்கும் பையில் மூடியில்லாத பற்றரியைப் போடுவது, நெருப்புப் பெட்டியைப் போடுவதற்குச் சமம். தோட்டத்து உரக் களஞ்சியத்தில் வைக்கவே வேண்டாம். யூரியாத் தூள் ஈரத்தை இழுத்து உலோகத்தை அரிக்கும்.

முனைகளில் களிம்பு பிடித்திருந்தால், முதலில் பற்றரியைக் கழற்றிக்கொண்டு, காய்ந்த பல்துலக்கியால் தட்டிவிடுங்கள். பிறகு பஞ்சு சுற்றிய குச்சியில் ஐசோபுரொப்பைல் அற்ககோலைத் தொட்டுத் துடையுங்கள். இரண்டு முனைகளையும் ஒரே நேரத்தில் உலோகத்தால் தொட வேண்டாம். உப்புத்தாளால் தேய்ப்பவர்கள் இருக்கிறார்கள். அது மேல்பூச்சை எடுத்துவிடுவதால் அடுத்த மழையில் களிம்பு இரட்டிப்பாக வரும்.

மருந்து தெளிக்கும் இயந்திரத்துக்கு எதிர் விதி

மரக்கறித் தோட்டம் செய்பவர்களும் தேயிலைத் தோட்டக்காரர்களும் முதுகில் மாட்டும் பற்றரித் தெளிப்பான்களில் பெரும்பாலானவற்றில் 12 வோல்ற்று, 8 அம்பியர் மணி ஈய அமிலப் பற்றரி இருக்கும். இரண்டு கிலோவுக்கு மேல் பாரமான கறுப்புக் கட்டி அது. மேலே சொன்ன பாதிச் சார்ஜ் விதியை இதற்குப் பாவித்தால் பற்றரி கெட்டே போகும். ஈயப் பற்றரி குறைந்த சார்ஜில் கிடந்தால் தகடுகளில் சல்பேற்றுப் படிந்து இறுகிவிடும். ஆகவே தெளித்து முடிந்த அன்றே முழுதாக ஏற்றிவிடுங்கள். வேலையில்லாத காலத்தில் மாதம் ஒருமுறை ஏற்றுங்கள். ஓய்வில் அளந்தால் 12.7 வோல்ற்றுக்குக் குறையக்கூடாது. கொழுந்து பறிக்கும் பற்றரி இயந்திரங்கள் பலவற்றில் இருப்பது லித்தியம். அதற்குப் பாதிச் சார்ஜ் விதிதான். ஒரே கொட்டிலில் இரண்டும் இருந்தால் மேலே பெயின்றால் ‘பாதி’, ‘முழு’ என்று எழுதிவிடுங்கள். நான் எழுதிக் கொடுத்த பற்றரிகள் குழப்பமின்றி ஓடுகின்றன.

வாங்கும்போதும் வெளிநாட்டிலிருந்து கொண்டுவரும்போதும்

பற்றரி பாவிக்காமலே முதுமையடையும் பொருள். விலை குறைத்துத் தருகிறார்கள் என்று கடையின் பழைய இருப்பை வாங்குமுன், அடியில் பொறித்திருக்கும் தயாரிப்புத் திகதியைப் பாருங்கள். பெரிய கம்பனிகளின் பெயரைத் தாங்கிய போலிகள் தாராளமாக உலவுகின்றன. பல போலிகளில் ஒவ்வொரு செல்லையும் தனித்தனியே கண்காணிக்கும் சுற்று இருப்பதில்லை. கையில் எடுத்துப் பாரத்தை ஒப்பிடுவது ஒரு சோதனை. பத்துச் செல் இருக்க வேண்டிய பெட்டி அசலைவிடத் தெளிவாக இலேசாக இருந்தால் உள்ளே ஐந்துதான்.

மத்திய கிழக்கில் வேலை செய்யும் உறவினரிடம் பற்றரி கேட்பவர்களுக்கு ஒரு கணக்கு. வோல்ற்றை அம்பியர் மணியால் பெருக்கினால் வற்று மணி வரும். 18 வோல்ற்று, 5 அம்பியர் மணி என்றால் 90. தனியாகக் கொண்டுவரும் லித்தியம் பற்றரியைப் பொதிப்பெட்டியில் போட்டு அனுப்ப முடியாது, கைப்பையில்தான் கொண்டுவர வேண்டும். 100 வற்று மணிவரை பொதுவாக அனுமதி உண்டு. 6 அம்பியர் மணிப் பற்றரி 108 வருவதால் விமான நிறுவனத்திடம் முன்கூட்டியே அனுமதி கேட்க வேண்டும். முனைகளில் ஒட்டுநாடா ஒட்டிவிடச் சொல்லுங்கள்.

கெட்டுப்போனால்

சார்ஜர் ஏற்றுக்கொள்ளாத பற்றரியை இன்னொரு பற்றரியோடு கம்பியால் இணைத்து ‘எழுப்பும்’ வித்தையைப் பலர் காட்டுகிறார்கள். பற்றரியின் ஒரு செல்லாவது 2.5 வோல்ற்றுக்குக் கீழே போய்ப் பல நாள் கிடந்திருந்தால், உள்ளே செம்பு கரைந்து மீண்டும் படிந்திருக்கக்கூடும். அதை எழுப்பினால் எழுந்துவிடும். பிறகு எந்த நேரத்தில் தீப்பிடிக்கும் என்று சொல்ல முடியாது. தச்சருடைய பற்றரியை நான் எழுப்பவில்லை. வருத்தத்தோடு போனார்.

செல் மாற்ற விரும்பினால் ஐந்தையும் ஒரே வகை, ஒரே கொள்ளளவு, ஒரே வயதில் மாற்ற வேண்டும். ஈயப் பற்று வைக்கும் சூடு செல்லைக் கெடுக்கும் என்பதால் ஸ்பொட் வெல்டிங் இயந்திரம் உள்ளவரிடமே கொடுங்கள். சார்ஜ் ஆகும்போது பற்றரி கை வைக்க முடியாதபடி சுட்டாலோ, இனிப்புக் கலந்த கரைப்பான் வாடை வந்தாலோ, ‘ஸ்’ என்று சத்தம் கேட்டாலோ, மெயின் சுவிட்சை அணைத்துவிட்டுத் தள்ளி நில்லுங்கள். அதன் புகையைச் சுவாசிக்கக்கூடாது. மின்சாரம் துண்டிக்கப்பட்ட பிறகு நிறையத் தண்ணீர் ஊற்றிக் குளிர்விக்கலாம். கொஞ்சத் தண்ணீரால் பயனில்லை, அணைந்தது மீண்டும் பற்றும்.

செத்த பற்றரியை அடுப்பிலோ ஓடையிலோ தேயிலைக் கானிலோ போட வேண்டாம். முனைகளில் இன்சுலேஷன் ரேப் ஒட்டி, வீட்டுக்கு வெளியே, மழைபடாத இடத்தில், காய்ந்த மணல் நிரப்பிய வாளியில் புதைத்து வையுங்கள். மத்திய சுற்றாடல் அதிகார சபையின் அனுமதி பெற்ற மின்னணுக் கழிவு சேகரிப்பாளர்கள் இருக்கிறார்கள். நான் வாளி நிறைந்ததும் கொழும்புக்குச் சாமான் எடுக்கப்போகும் லொறியில் ஏற்றிவிடுவேன். தச்சருடையது இப்போது அந்த வாளியில் மேலிருந்து இரண்டாவதாகக் கிடக்கிறது.